மாப்பிள்ளையின் அம்மா எங்கே நிற்பாள்?

ராசா,

போன ஞாயிற்றுக்கிழமை நீ மெல்பனிலிருந்து போன் எடுத்தபோது நான் "ஓம்" என்று சொன்னேன் அல்லவா, அந்த ஓமைத் திருப்பி எடுத்துக்கொள்ளத்தான் இதை எழுதுகிறேன். போனிலேயே சொல்லியிருக்கலாம். சொன்னால் நீ "ஓகே அம்மா, நோ வொரிஸ்" என்பாய், நானும் அடுப்பில் ஏதோ இருக்கிறது என்று வைத்துவிடுவேன், கதை அதோடு முடிந்துவிடும். எழுத்தென்றால் நீ கொஞ்சம் நின்றுதான் வாசிக்கவேண்டும். தமிழ்ப் பள்ளிக்கூடத்துக்கு உன்னை இழுத்துக்கொண்டு போன சனிக்கிழமைகளுக்கு இப்போதாவது ஒரு பிரயோசனம் வரட்டும். விளங்காத சொல் வந்தால் எடுத்துக் கேள், அந்தச் சாக்கிலாவது எனக்கு ஒரு போன் வரும். இன்னொன்றும் சொல்லவேண்டும். என் நடிப்பு வாழ்க்கையைப் பற்றி எழுதித் தரும்படி இங்குள்ள தமிழ்ச் சங்க மலருக்குக் கேட்டிருந்தார்கள். மூன்று தரம் தொடங்கிக் கிழித்துப் போட்டேன். கடைசியில் உனக்கு எழுதத் தொடங்கியதும்தான் கை ஓடியது. நீ சம்மதித்தால் இதையே அவர்களுக்குக் கொடுத்துவிடுவேன்.

நீ சொன்னதை அப்படியே சொல்கிறேன், வசனம் பாடமாக்குவதுதானே என் தொழில். "அம்மா, நீங்கள் கோபிக்கக்கூடாது. பாலறுகை சித்தப்பாவும் சித்தியும் வைக்கட்டும். மணவறையிலயும் அவையள் நிக்கட்டும். இட்ஸ் ஜஸ்ட் ஈசியர் ஃபோர் யூ. நீங்கள் முன்வரிசையில இருங்கோ, வீடியோக்காரனிட்டச் சொல்லியிருக்கிறன், உங்களை வடிவா எடுப்பான்." கலியாணத்துக்கு இன்னும் ஒரு மாதம்கூட இல்லை. மாப்பிள்ளை வீடு என்பது கிளென் ஈடனில் இருக்கும் என்னுடைய இந்த வீடு. இங்கேதான் உன்னைப் பலகையில் இருத்தி, பாலில் அறுகம்புல்லைத் தோய்த்துத் தலையிலும் தோளிலும் வைத்து, குளிக்க அனுப்பப் போகிறார்கள். அந்த நேரத்தில் நான் என் வீட்டுக் குசினியில் அடுப்போடு நிற்கவேண்டும், ஏனென்றால் உன் அப்பா உயிரோடு இல்லை. நான் ஓம் என்றேன். குரல் நடுங்கவில்லை, நீயும் நம்பிவிட்டாய். இத்தனை வருஷம் கமராவுக்கு முன்னால் நின்றவள் அந்தளவுகூடச் செய்யாவிட்டால் பிறகென்ன நடிகை?

நான் இந்த வேலைக்கு வந்த விதம் உனக்குத் தெரியும், ஆனால் உன் பிள்ளைகளுக்குத் தெரியாது, அதனால் எழுதி வைக்கிறேன். நீ கைக்குழந்தை. அப்பாவும் நானும் ஈஸ்ட் டாமாக்கியில் ஒரே கட்டடத்தில் வேலை, அவர் ஃபோர்க்லிஃப்ட் ஓட்டினார், நான் பெட்டிகளுக்கு லேபிள் ஒட்டினேன். சங்க மண்டபத்தில் ஒருநாள் இரண்டு வெள்ளைக்காரப் பிள்ளைகள் வந்து, ரீவியில் வரும் ஆஸ்பத்திரி நாடகம் ஒன்றுக்கு ஒரு சிறிலங்கன் அம்மா தேவை என்றார்கள். ஒவ்வொரு பெண்ணாகக் கேட்டுக்கொண்டு வந்து என்னிடமும் கேட்டார்கள், உங்களுக்கு அழ வருமா என்று. ஊரில் நடந்த சண்டைக்குள்ளிருந்து வந்தவளைப் பார்த்துக் கேட்கிற கேள்வியா அது? எனக்குச் சிரிப்பு வந்துவிட்டது. சிரித்தவளைத்தான் அவர்கள் எடுத்தார்கள்.

அதற்குப் பிறகு நான் அழாத ஆஸ்பத்திரி இந்த ஊரில் இல்லை. செத்த பிள்ளையின் தாய், செத்த புருஷனின் பெண்சாதி, கொள்ளை போன தெருமுனைப் பலசரக்குக் கடைக்காரி, விசா மறுக்கப்பட்டவள், இரண்டாவது தாதி. ஸ்கிரிப்டில் எனக்குப் பெயர் இருக்காது, "சேலை கட்டிய பெண்" என்று இருக்கும். இன்னும் கொஞ்சம் இந்தியாக்காரி மாதிரிக் கதையுங்கள் என்பார்கள், தலையை ஆட்டச் சொல்வார்கள், நானும் ஆட்டிவிட்டு வருவேன். நீ பத்து வயதில் ஒருநாள் சோபாவில் படுத்துக்கொண்டு, "மம், வை ஆர் யூ நெவர் த பாஸ்?" என்று கேட்டாய். நல்ல கேள்விதான். போய்ப் பல்லைத் தீட்டு என்று கத்தினேன்.

எனக்கு இந்தத் தொழிலைப் படிப்பித்தது ஒரு கறுப்பு மனிசி. நேரில் பார்த்ததே இல்லை. கரீபியன் தீவு ஒன்றில் பிறந்து இங்கிலாந்துக்குப் போனவள். பழைய பிரிட்டிஷ் நாடகங்களை இங்கே மத்தியானத்தில் போடுவார்கள், அவற்றில் அடிக்கடி வருவாள். தாதி, பஸ்ஸில் பக்கத்துச் சீற்றில் இருப்பவள், கோர்ட்டில் சாட்சி சொல்லிவிட்டுப் போகிறவள். வயது போகப் போக வேடமும் கொஞ்சம் பெருத்தது, ஒருமுறை நீதிபதியாகக்கூட வந்தாள். அன்றைக்கு நான் தனியே வீட்டில் இருந்து கைதட்டினேன். அவளிடம் ஒரு பழக்கம் இருந்தது. "நீங்கள் போகலாம்" என்று யாராவது சொன்னால் உடனே போகமாட்டாள். ஒரு மூச்சு நேரம் நின்று, சொன்னவனைப் பார்த்துவிட்டுத்தான் திரும்புவாள். வேடம் சின்னது, ஆனால் அந்த மனிசிக்கு ஒரு வீடு இருக்கிறது, அடுப்பில் ஏதோ வைத்துவிட்டு வந்திருக்கிறாள் என்று நமக்குத் தெரிந்துவிடும். அவளைப் பார்த்துத்தான் நானும் என்னுடைய பெயரில்லாத பெண்களுக்கெல்லாம் மனதுக்குள் பெயர் வைக்கத் தொடங்கினேன். காலையில் என்ன சாப்பிட்டாள், யாரோடு சண்டை பிடித்துவிட்டு வந்தாள் என்றெல்லாம் யோசிப்பேன். இரண்டு வசனத்துக்கு ஏன் இந்தப் பாடு என்று உன் அப்பா பகிடி பண்ணுவார்.

பகிடி பண்ணினாலும் எனக்காக நின்றது அவர்தான். நடிப்புத் தேர்வை, அந்த ஓடிஷனை, வீட்டிலேயே படம் பிடித்து அனுப்பு என்ற காலம் வந்தபோது, கமராவுக்குப் பக்கத்தில் நின்று மற்ற ஆளின் வசனத்தைச் சொல்ல ஒருவர் வேண்டும். அவருடைய முகம் படத்தில் வராது, குரல் மட்டும்தான். அப்பா எனக்குப் பொலிஸ்காரனாக, டொக்டராக, குடிகார வெள்ளைக்காரனாக, ஒருமுறை கர்ப்பிணிப் பெண்ணாகவும் நின்றார். எல்லாரும் ஒரே குரல்தான், எல்லாரும் அவருடைய ஊரான வல்வெட்டித்துறை. வேலையால் வந்து உடுப்புக்கூட மாற்றாமல், கண்ணாடியை மூக்கில் இறக்கிவிட்டு, "மேடம், ஐ ஆம் வெரி சொறி" என்று அவர் வாசிக்கும்போது எனக்குச் சிரிப்பு வரும், திரும்ப எடுக்கவேண்டும், திரும்பவும் நிற்பார். நீ கலியாணம் செய்யப் போகிறாய், எல்லாரும் உனக்குப் புத்தி சொல்கிறார்கள், என் பங்குக்கு நான் சொல்வது இதுதான். தாரணிக்காக அப்படி நிற்கப் பழகு. உன் முகம் தெரியாத இடத்தில், களைத்துப்போய் வந்த நாளிலும் நில். அலுப்பு வந்தால் அலுப்பென்று சொல்லிவிட்டு நில்.

இனி நான் ரீவியில் நடித்த அந்தக் கலியாணக் காட்சிக்கு வருகிறேன். அப்பா போய் அப்போது ஆண்டுத்திவசம்கூட முடிந்திருக்கவில்லை. வீட்டில் இருந்தால் விசர் பிடிக்கும் என்று, வந்த வேலைக்குச் சம்மதித்தேன். தொடர் நாடகம், ஒரு தமிழ்ப் பெடியனுக்குக் கலியாணம், நான் மாப்பிள்ளையின் அம்மா. எத்தனையோ வருஷத்துக்குப் பிறகு எனக்கு ஒரு மங்கலமான வேடம். மேக்கப் போடுகிற பிள்ளை சிவப்புப் பொட்டை எடுத்துக்கொண்டு வந்தாள். மண்டபத்தில் மணவறை ஜோடித்திருந்தார்கள், வாழைமரம் பிளாஸ்டிக், ஆனால் பூ நல்ல பூ. இயக்குநர் ஒரு இளம் பெண், மரியாதை தெரிந்தவள். என்னிடம் வந்து, "இதில் மாப்பிள்ளையின் அம்மா எங்கே நிற்பாள்? நாங்கள் பிழையாகச் செய்யக்கூடாது" என்று கேட்டாள். அத்தனை சனத்துக்குள் தமிழ் ஆள் என்று வயதில் மூத்தவள் நான் ஒருத்திதான். கதையில் அந்த அம்மாவுக்குப் புருஷன் இருக்கிறானா என்று நான் கேட்டேன். இல்லை, அவன் செத்துவிட்டான் என்றாள்.

நுணலும் தன் வாயால் கெடும் என்பார்கள். நான் சொன்னேன்: "அப்படியென்றால் அவள் முன்னுக்கு வரமாட்டாள். சித்தப்பா சித்தி நிற்பார்கள். அவள் பின்னுக்கு எங்கேயாவது நின்று பார்ப்பாள்." ஒருவரும் என்னை வற்புறுத்தவில்லை. அந்த இயக்குநர் பிள்ளை, மாப்பிள்ளையின் அம்மா மேடையில் நிற்கிறாள் என்றுதான் எழுதி வைத்திருந்தாள். எங்கள் முறை பிழைக்கக்கூடாது என்ற பெருமையில், கிடைத்த இடத்தை நானே கைகழுவி விட்டேன். அவளுக்குக் கண் கலங்கிவிட்டது. இதுதான் காட்சி என்றாள். மேக்கப் பிள்ளை பொட்டைத் திருப்பிப் பெட்டிக்குள் வைத்தாள். என்னைக் குசினிக் கதவடியில் நிறுத்தினார்கள். தாலி கட்டும்போது கமரா மேடையை விட்டு மெல்ல மெல்ல என் முகத்துக்கு வந்தது. எனக்கு வசனமே இல்லை. நான் நடிக்கவும் இல்லை. மேளம் கேட்டது, உன் அப்பா இல்லை என்பது அன்றைக்குத்தான் எனக்கு முழுதாக உறைத்தது, அவ்வளவுதான்.

அந்த முகத்தால்தான் எனக்குப் பெயருள்ள வேடங்கள் வந்தன. கோயிலில் சனம் என்னைச் சுற்றி நின்று, "அச்சொட்டா எங்கட கலியாணம் மாதிரியே இருந்தது" என்றார்கள். நீ மெல்பனிலிருந்து போன் எடுத்து மூக்கை உறிஞ்சிக்கொண்டு, "அம்மா, தட் வாஸ் சோ ரியல்" என்றாய். நானும் பூரித்துப்போனேன். கதவடியில் ஒரு தாயை நிறுத்தியது சரிதானா என்று அவர்களில் ஒருவராவது கேட்கவில்லை. நானும் கேட்கவில்லை.

இப்போது என் நாட்கள் எப்படிப் போகின்றன என்று நீ கேட்டால் "பிசி" என்பேன். பொய். வேலை இருக்கிற கிழமை பிசி, இல்லாத கிழமை ரெயில் போகிற சத்தத்தை எண்ணிக்கொண்டிருப்பேன். அப்பா போன பிறகு ஓடிஷனுக்கு வாசிக்க ஆள் இல்லாமல், மற்ற ஆளின் வசனத்தை நானே போனில் பதிந்து, நான் பதில் சொல்லவேண்டிய இடங்களில் பேசாமல் இருந்துவிட்டு, பிறகு அதை ஓடவிட்டு என் குரலுக்கு நானே பதில் சொன்னேன். ஒருமுறை ஓடிஷன் முடிந்த பிறகும் அதை நிறுத்தாமல் கேட்டுக்கொண்டிருந்தேன், வீட்டில் ஒரு குரல் கேட்கிறதே என்று. இதை உன்னிடம் நான் சொன்னதில்லை. தனிமையில் எனக்குப் பசிகூட ஒழுங்காக வருவதில்லை, ராசா. ஒரு சுண்டு அரிசி போட்டால் இரண்டு நாளுக்குக் காணும்.

பிறகு பக்கத்து வீட்டுக்கு வசந்தி வந்தாள். தஞ்சாவூர்க்காரி, கிழவர்களைப் பராமரிக்கிற இடத்தில் தாதி, புருஷனை விட்டுவிட்டு வந்தவள். அவள் மரத்தில் காய்க்கும், கொய்யா மாதிரியான ஃபீஜோவாப் பழத்தில் ஊறுகாய் போட்டு எடுத்துக்கொண்டு மதிலடியில் வந்து கூப்பிட்டாள், அன்றிலிருந்து எனக்கு வசனம் வாசிப்பது அவள்தான். பொலிஸ்காரன் வசனத்தைக்கூட ஊசி போடப் போகிறவள் மாதிரி வாசிப்பாள். நீ போன் எடுத்த அடுத்த நாள் ஓடிஷனுக்காக வந்தவள், என் முகத்தைப் பார்த்துவிட்டுத் தாளைக் கீழே வைத்தாள். எல்லாவற்றையும் சொன்னேன்.

"அக்கா, அந்த சீரியல்ல பின்னாடி நிக்கணும்னு சொன்னது நீங்களேவா?"

"ஓம், நான்தான்."

"சொந்தக் காசுல சூனியம் வச்சுக்கிட்டீங்க." என் பக்கத்தில் வந்து உட்கார்ந்தாள். "எங்க ஊர்லயும் அப்படித்தான்க்கா. எங்க அக்கா பொண்ணு கல்யாணத்துல அக்கா சமையல்கட்டுலயே நின்னா. நாங்க எல்லாரும் பாத்துக்கிட்டுத்தான் இருந்தோம். இப்ப நினைச்சா வயிறு எரியுது. நீங்க பையன்கிட்ட பேசுங்க."

"என்னத்தைக் கதைக்கிறது? அவன் நல்லதெண்டு நினைச்சுத்தான் சொன்னவன்."

"நல்லதுன்னு நினைச்சுத்தான் எல்லாரும் பண்றாங்க" என்றாள். அன்றைக்கு ஓடிஷன் எடுக்கவில்லை. இரண்டு பேருமாக ஊறுகாயும் சோறும் சாப்பிட்டோம்.

உன்மேல் கோபம் இருந்தது, மறைக்கமாட்டேன். ஆனால் புதன்கிழமை தாரணி போன் எடுத்தாள். அவள் இங்கேயே பிறந்த பிள்ளை, வீட்டில் பெரியவர்கள் சடங்கைப் பற்றி ஒழுங்காக ஒன்றும் சொல்வதில்லை, கேட்டால் ஐயர் பார்த்துக்கொள்வார் என்கிறார்கள் என்று முறையிட்டாள். "ஆன்ட்டி, நான் உங்கட எபிசோட்டைத் திரும்பத் திரும்பப் பாத்தனான். அதைப் பாத்துத்தான் எங்க ஆர் நிக்கோணும் எண்டு நோட் பண்ணினனான். ஐ வான்ட் டு டூ இட் ப்ரொப்பர்லி. உங்களை ஒருத்தரும் மேடையில வச்சு ஒரு சொல் சொல்லக்கூடாது, அதுதான் உங்கட மகனிட்டச் சொன்னனான்." அவ்வளவு அன்பாகச் சொன்னாள். எங்கள் வீட்டு மருமகளுக்கு எங்கள் முறையைப் படிப்பித்தது நான் கதவடியில் நின்ற அந்தக் காட்சி. இத்தனை வருஷம் அந்நியர்களுக்கு நடித்தேன், ஒருவரும் என்னைப் பார்த்து ஒன்றும் படித்ததாக எனக்குத் தெரியாது. படித்தவள் ஒருத்தி, அவள் படித்தது இது.

பிறகு மவுண்ட் வெல்லிங்டனுக்குப் போய் உன் சித்தப்பாவைக் கண்டேன். தேத்தண்ணி வரும்வரை மழையைப் பற்றிக் கதைத்தோம். பிறகு நான் நேரே கேட்டேன், மணவறையில் நீங்கள் இரண்டு பேரும் நிற்பது உங்களுக்கு விருப்பம்தானா என்று. சித்திதான் சொன்னா: "அக்கா, நாங்கள் கேக்கேல்லை. பெடியன் கேட்டவன். நீங்கள்தான் விரும்பேல்லையாக்கும் எண்டு நினைச்சம். அண்டைக்கு நாடகத்திலயும் அப்பிடித்தானே நிண்டனீங்கள்." சித்தப்பா மெதுவாக, "அண்ணி, அண்ணன்ர இடத்தில நிக்க எனக்குக் கால் கூசுது. ஆனா உங்களுக்கு உதவியெண்டால் நிக்கிறன்" என்றார். பார்த்தாயா, ஒருவருக்கும் விருப்பமில்லை. நீ எனக்காக, தாரணி எனக்காக, சித்தப்பா எனக்காக, எல்லாருமாகச் சேர்ந்து எனக்காகவே என்னைக் குசினிக்குள் தள்ளியிருக்கிறீர்கள். கேட்டிருந்தால் ஒரு நிமிஷ வேலை. உனக்கும் தாரணிக்கும் நான் சொல்லக்கூடிய இரண்டாவது புத்தி இதுதான், மூன்றாவது கிடையாது. ஒருவருக்கு எது நல்லது என்று முடிவெடுக்க முன்னம் அந்த ஆளைக் கேளுங்கள். ரீவியைப் பார்த்து முடிவெடுக்காதீர்கள், அதில் நிற்பது உன் தாயாக இருந்தாலும் சரி.

சனம் ஒன்றும் சொல்லாது என்று நான் சொல்லவில்லை. சொல்லும். கெட்டது வரும் என்று அறம் பாடுவதற்கென்றே சிலர் பட்டுச்சேலை கட்டிக்கொண்டு வருவார்கள். நாளைக்கு உங்கள் வீட்டில் ஒரு தடிமன் காய்ச்சல் வந்தாலும், அன்றைக்கு அவள் முன்னுக்கு நின்றாளே என்பார்கள். எனக்குப் பயமில்லையா? இருக்கிறது. என் கைபட்டு உனக்கு ஏதும் ஆகிவிடுமோ என்ற ஒரு பயம் எனக்குள்ளும் ஒரு மூலையில் கிடக்கிறது, என் தாய் எனக்கு ஊட்டிய சோற்றோடு உள்ளே போன பயம் அது. அந்தப் பயத்தோடுதான் அன்றைக்கு அந்த இயக்குநர் பிள்ளைக்குப் பதில் சொன்னேன், அந்தப் பயத்தோடுதான் உனக்கு ஓம் சொன்னேன். ஆனால் யோசித்துப் பார். உனக்குக் காய்ச்சல் என்றால் நெற்றியைத் தொட்டுப் பார்த்தது இந்தக் கை. அப்பாவுக்கு நீ கொள்ளி வைத்துவிட்டு வந்து விழுந்தபோது உன்னைப் பிடித்ததும் இதுதான். அன்றெல்லாம் ஆகாமல் போகாத கை, ஒரு நல்ல நாளில் மட்டும் எப்படி ஆகாமல் போகும்?

அதனால் நான் முடிவெடுத்துவிட்டேன். கலியாணத்தன்று காலையில் நீ பலகையில் வந்து இருக்கும்போது முதல் பாலறுகு நான் வைப்பேன். எனக்குப் பிறகு சித்தப்பாவும் சித்தியும் வைக்கட்டும், மாமாமார் வைக்கட்டும், வசந்தியையும் கூப்பிடப் போகிறேன். மண்டபத்தில் தாரணியின் அப்பா அவளுடைய கையைப் பிடித்து உன் கையில் கொடுக்கும்போது, உன் பக்கத்தில் நான் நிற்பேன். அரக்குச் சேலை எடுத்து வைத்திருக்கிறேன். பொட்டும் வைப்பேன். ஐயருக்கு நான் சொல்லமாட்டேன், தாரணி வீட்டாருக்கும் நான் சொல்லமாட்டேன், அது உன் வேலை. நீ சொல்லத் தயங்கினால் இப்போதே எழுது. கோபிக்கமாட்டேன். வீட்டைச் சித்தியிடம் ஒப்படைத்துவிட்டு, நேரே மண்டபத்துக்கு வந்து, மற்றச் சனத்தோடு இருந்து அட்சதை போட்டு, சாப்பிட்டுவிட்டுப் போவேன். ஆனால் என் வீட்டில், என் பிள்ளையின் சடங்கில், கதவடியில் நிற்கமாட்டேன்.

யாராவது உன்னிடம் கேட்பார்கள், அது யார் முன்னுக்கு நிற்பது, தகப்பன் இல்லாத பிள்ளை அல்லவா என்று. ஓம் என்று சொல்லு. உனக்கு அப்பா இல்லை. அம்மா இருக்கிறேன்.